அசமந்தப் பாறைக்கு ஒரு சம்மன்

இருபத்தேழு வருஷ சர்வீசில் இசக்கியப்பன் ஒரு சம்மனைக்கூடக் கொடுக்காமல் திரும்பிக் கொண்டுவந்தது கிடையாது. அரசாங்க ஏட்டில் அவர் கட்டளை நிறைவேற்றுநர். ஊர் வாயில் அமீனா. கோர்ட்டிலிருந்து வரும் காகிதத்தை உரியவர் கையில் கொடுத்துக் கையெழுத்து வாங்கிவர வேண்டும், அவ்வளவுதான் வேலை. கல்யாணப் பந்தியில் பாயசத்துக்குக் காத்திருந்தவருக்குக் கொடுத்திருக்கிறார். தென்னைமரத்தில் ஏறிக்கொண்டு இறங்க மறுத்தவருக்கு மூன்று மணி நேரம் கீழே உட்கார்ந்திருந்து கொடுத்திருக்கிறார். அப்பாவுக்குக் கொள்ளி வைத்துவிட்டு வந்த ஒருவரைச் சுடுகாட்டு வாசலில் மறித்துக் கொடுத்துவிட்டு, கூடவே நின்று அழுதும் இருக்கிறார்.

அப்பேர்ப்பட்ட மனிதர் அன்றைக்கு சப் கோர்ட்டில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"எதிர்மனுதாரருக்கு ஏன் இன்னும் சம்மன் போய்ச் சேரவில்லை?" என்று கேட்டார் நீதிபதி.

"போய்ப் பாத்தேன் ஐயா. ஆள் இருக்காரு. ஆனா வாங்கல."

"வாங்க மறுத்தாரா?"

"மறுக்கவும் இல்லைங்கய்யா."

"பிறகு என்னதான் செய்தார்?"

"நடந்துக்கிட்டிருக்காரு."

"எங்கே?"

"அதே எடத்துலதான்யா."

கோர்ட்டில் சிரிப்பு எழுந்தது. விவாகரத்துக் கேட்டு மனுப் போட்டிருந்த உலகம்மாள் மட்டும் சிரிக்கவில்லை. முப்பத்தெட்டு வயதில் அவள் சிரிக்காமல் நிற்கப் பழகியிருந்தாள். அவள் புருஷன் கோமதிநாயகம் பன்னிரண்டு வருஷமாக அசமந்தப் பாறைக்குள் இருந்தான்.

ஊரிலிருந்து பதினெட்டு கிலோமீட்டர் தள்ளி, மலையடிவாரத்து ரோட்டோரத்தில் இருக்கிறது அந்தப் பாறை. பெரிய குன்று ஒன்று நடுவில் பிளந்து நிற்க, இரண்டு பாறைகளுக்கு இடையே ஒரு சந்து. அந்தச் சந்துக்குள் நேரம் மெதுவாக ஓடும். உள்ளே போகப் போக இன்னும் மெதுவாகும். மேய்ச்சல்காரர்களுக்கு இது ஆதியிலிருந்தே தெரியும். சந்துக்குள் நுழைந்த ஆடு அடுத்த வருஷம் வாயில் அதே புல்லோடு வெளியே வருமாம். ரோட்டில் வளைவு இருந்ததால் நெடுஞ்சாலைக்காரர்கள் அங்கே 'மெதுவாகச் செல்லவும்' என்று ஒரு போர்டும் வைத்திருந்தார்கள்.

பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால், கல்யாணமாகி எட்டாவது மாதத்தில், புருஷனும் பெண்டாட்டியும் பஸ்ஸில் குற்றாலத்துக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். டயர் பஞ்சரானது. டிரைவர் ஜாக்கி வைப்பதற்குள், "ஒரு நிமிசத்துல வந்துருதேன்" என்று சுண்டுவிரலைக் காட்டிவிட்டு இறங்கினான் கோமதிநாயகம். மறைவிடம் தேடியவன் சந்துக்குள் பதினோரு மீட்டர் போய்விட்டான். வேலையை முடித்துவிட்டுத் திரும்பி, இப்போது வெளியே வந்துகொண்டிருக்கிறான். வலது காலைத் தூக்கி இரண்டு மாதம் ஆகிறது. இன்னும் தரையில் வைக்கவில்லை. ஒரு கை பேண்ட் ஜிப்பில் இருந்தது. பார்க்க நன்றாக இல்லையென்று பஞ்சாயத்தார் சந்து வாசலில் இடுப்பு உயரத்துக்குத் தகரம் அடித்திருந்தார்கள். அந்தத் தகரத்துக்கு இப்போது பெண்கள் மஞ்சள் குங்குமம் வைத்துக் கும்பிட்டார்கள்.

"ஏழு வருஷம் தகவலே இல்லாமல் போனவரைத்தான் சட்டம் இறந்தவராகக் கருதும்" என்றார் நீதிபதி. "இவரைப் பார்க்க ஞாயிற்றுக்கிழமை ஸ்பெஷல் பஸ் விடுகிறார்கள். எப்படி இறந்தவர் என்று சொல்வது?"

"பத்திரிகையில் அறிவிப்புக் கொடுக்க அனுமதிக்கலாம், யுவர் ஆனர்" என்றார் உலகம்மாளின் வக்கீல்.

"அது ஒளிந்துகொள்கிறவர்களுக்கு. இவ்வளவு வெளிப்படையாக நிற்கும் ஒரு எதிர்மனுதாரரை என் அனுபவத்தில் நான் பார்த்ததில்லை. ஆள் இருக்கிறார், இடம் தெரியும், நம்மை நோக்கி நடந்தும் வருகிறார். சம்மனை நேரில் கொடுக்க வேண்டியதுதான்."

நீதிபதி இசக்கியப்பனைப் பார்த்தார். கோர்ட்டே பார்த்தது.

*

பாறைக்கு எதிரே ஒரு தகரக் கொட்டகையில் ஆராய்ச்சி நிலையம் இருந்தது. அங்கே இருந்த விஞ்ஞானி அஸ்மா. மேலப்பாளையத்துப் பெண், முப்பது வயது நிறையவில்லை. அமீனாவுக்கு டீ வரவழைத்துக் கொடுத்துவிட்டு, டெலஸ்கோப்போடு இணைத்த டி.வி.யில் கோமதிநாயகத்தைக் காட்டினாள். வோல்டேஜ் குறைந்த பல்புக்கு அடியில் நிற்பவன் மாதிரி மங்கலாக, சிவப்பாகத் தெரிந்தான்.

"கணக்குப்படி இவரு கண்ணுக்கே தெரியக்கூடாது அண்ணாச்சி. ஏன் தெரியுதாருன்னு மூணு கட்டுரை எழுதிட்டேன். இன்னும் புரியல."

"கயித்தைப் போட்டு இழுத்தா என்ன மேடம்?"

"நம்ம இங்க மெதுவா இழுத்தாலும் அங்க அது துப்பாக்கிக் குண்டு வேகம். ஒரு ஆட்டுக்குக் கயிறு கட்டிப் பாத்தாங்க. முன்பாதி மட்டும் வந்துச்சு."

இசக்கியப்பன் டீயைக் கீழே வைத்தார்.

"ஒரு கம்பு நுனியில சம்மனைச் சொருகி நீட்டுனா?"

"கம்போட கையும் கொஞ்சம் உள்ள போகும்லா? வெளிய இருக்க ஒடம்பு ரத்தத்தைத் தள்ளிக்கிட்டே இருக்கும், உள்ள இருக்க கையிலருந்து அது திரும்பி வராது. டூரிஸ்ட் ரெண்டு பேருக்குக் கையே போயிருக்கு. போனா முழு ஆளா, நிக்காம, சீரா நடந்து போகணும். அதே மாதிரி வரணும்."

"மைக்குல சொன்னா?"

"சொல்லிக்கிட்டுதான் இருக்கோம். நம்ம பேசுனா அவருக்குக் கொசு கத்துன மாதிரிகூடக் கேக்காது. அதனால ஒவ்வொரு எழுத்தையும் மாசக்கணக்கா இழுத்து ஒலிபரப்புறோம். 'வெளியே ஓடி வாங்க'ன்னு ஆரம்பிச்சு ஒரு வருஷம் ஆச்சு. இப்ப 'ளி'யில இருக்கோம்."

கொட்டகை கூரையிலிருந்த குழாய் ஒலிபெருக்கி எந்தச் சத்தமும் இல்லாமல் பாறையைப் பார்த்துக்கொண்டிருந்தது. காதுக்கு எட்டாத அளவு கனமான குரலில் அது 'ளி' சொல்லிக்கொண்டிருக்கிறதாம்.

"அவரு நிக்கிற எடத்துல ஒரு நொடி ஆனா இங்க நாலு மாசம்" என்றாள் அஸ்மா. "நீங்க போய், ஒண்ணும் பேசாம, பேப்பரைக் கையில திணிச்சிட்டு அப்படியே திரும்பி வந்தா ஆறு நொடி. ரெண்டு வருஷம். அதுக்கு மேல மூணு நொடி பேசினா ஒரு வருஷம்னு வச்சுக்கங்க."

அப்போதுதான் உலகம்மாள் வந்தாள். வெள்ளிக்கிழமை, ஊர்ப் பெண்கள் கும்பிட அவள் வந்தே ஆக வேண்டும். அவள் வருவதைப் பார்த்ததும் தகரத்துக்குப் பொட்டு வைத்துக்கொண்டிருந்த நான்கைந்து பெண்கள் ஓடிவந்து அவள் காலில் விழுந்தார்கள். புருஷன் சாகவே மாட்டான் என்று உறுதியான ஒரே பெண்பிள்ளை அந்தத் தாலுகாவில் அவள்தான். நித்திய சுமங்கலி. எந்த வீட்டில் கல்யாணமென்றாலும் தாலியைத் தொட்டுக் கொடுக்க அவளைக் கூட்டிப்போய்விடுவார்கள். ஒருமுறை, வேலை பார்க்கும் அங்கன்வாடியில் பிள்ளைகளுக்கு முட்டை உரித்துக்கொண்டிருந்தவளை அப்படியே ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போயிருக்கிறார்கள்.

விழுந்தவர்களை எழுப்பி அனுப்பிவிட்டு, அவள் இசக்கியப்பனிடம் வந்தாள்.

"அண்ணாச்சி, நீங்க உள்ள போகப்போறதா சொல்லுதாவ. வேண்டாம். எனக்காக நீங்க எதுக்கு?"

"எதுக்கும்மா இந்த விவாகரத்து? தப்பா நெனைக்காத. வேற யாரையும் கட்டிக்கிடவா?"

"இல்ல." அவள் சேலைத் தலைப்பை விரலில் சுற்றினாள். "எனக்கு ஒரு பிள்ளை வேணும் அண்ணாச்சி. தத்து எடுக்கலாம்னு கேட்டுப் போனேன். கல்யாணமான பொம்பளைக்குப் புருஷன் சம்மதம் வேணுமாம். கையெழுத்து கேக்காங்க. விதவைன்னா கையெழுத்து வேண்டாம், தனியா இருந்தாலும் வேண்டாம். நான் மூணும் இல்ல. வயசு ஆக ஆக சின்னப் பிள்ளையும் தரமாட்டாங்களாம்." சந்துப் பக்கம் பார்த்தாள். "அவரு மேல கோவமே இல்ல. அவரு ஒண்ணுக்குத்தான போனாரு."

*

வீட்டில் மனைவி வடிவு கறிவேப்பிலையை உருவிக்கொண்டிருந்தாள். இசக்கியப்பன் கோர்ட் உத்தரவு, அஸ்மாவின் கணக்கு, உலகம்மாள் சொன்னது எல்லாவற்றையும் சொன்னார். லீவு போட்டுவிடலாம் என்பது அவர் திட்டம். டாக்டர் சர்டிபிகேட்கூட யோசித்து வைத்திருந்தார். வடிவும் அதைத்தான் சொல்வாள் என்று எதிர்பார்த்தார்.

"போங்க" என்றாள் அவள்.

"ரெண்டு வருசம் வடிவு."

"ரெண்டு வருசம்தான?"

கறிவேப்பிலைக் குச்சியைத் தூரப் போட்டாள். "நாமளும் ஒரு பிள்ளை எடுப்போம்னு நான் கேட்டப்ப நீங்க என்ன சொன்னீய, ஞாபகம் இருக்கா? பாப்போம்னீய. தீவாளி கழிச்சுப் பாப்போம். பிரமோசன் வரட்டும் பாப்போம். வீடு கட்டிட்டுப் பாப்போம். பதினோரு வருசம் பாத்தோம். அப்புறம் நான் கேக்குறத விட்டுட்டேன்." குரல் உயரவே இல்லை. "அதுக்குப் பாறையெல்லாம் வேண்டியிருக்கல. அவளுக்காவது போய் முடிச்சுக் குடுத்துட்டு வாங்க."

இசக்கியப்பன் சம்மனைப் பைக்குள் வைத்தார்.

செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்குக் காக்கிச் சட்டை போட்டு, தோளில் டவாலிப் பட்டை மாட்டி, தகரத்தைத் தாண்டினார். கோர்ட்டில் அவருக்கு மேலதிகாரியான நாசர் கடிகாரத்தைப் பார்த்து நேரம் குறித்துக்கொண்டார். அஸ்மா கடைசியாக ஒருதரம் சொன்னாள்: "பேசாதீங்க அண்ணாச்சி. நிக்காதீங்க. திரும்பிப் பாக்காதீங்க."

வடிவு தூக்குவாளியில் தயிர்சாதம் கொண்டுவந்திருந்தாள். எதற்கு என்று அவளுக்கே தெரியவில்லை. கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள்.

*

முதல் நான்கு அடி சாதாரணமாகத்தான் இருந்தது. ஐந்தாவது அடியில் முதுகுக்குப் பின்னால் இருந்த சத்தமெல்லாம் வண்டுபோல ரீங்கரித்து, பிறகு அதுவும் நின்றுபோனது. பாறைச் சுவரில் வெயிலும் நிழலும் மாறி மாறி அடித்தன. முதலில் கண் சிமிட்டுவதுபோல, அப்புறம் டியூப்லைட் எரிய முயல்வதுபோல, கடைசியில் எல்லாம் கலந்து வெயிலும் இல்லாமல் இருட்டும் இல்லாமல் சாம்பல் நிறத்தில் ஒரு வெளிச்சம். அதில் கோமதிநாயகம் சிவப்பு மறைந்து, சாதாரண மனிதனாக, வேர்த்த முகத்தோடு எதிரே வந்தான்.

"அண்ணாச்சி, பஸ் கெளம்பிருச்சா?" என்றான்.

ஆறு நொடியில் திரும்பியிருக்கலாம். பேப்பரைக் கையில் திணித்தால் போதும். ஆனால் இருபத்தேழு வருஷப் பழக்கம் நாக்கில் உட்கார்ந்திருந்தது. ஆளைச் சரிபார்க்காமல் அவர் யாருக்கும் காகிதம் கொடுத்ததில்லை.

"கோமதிநாயகம்தான நீங்க?"

"ஆமா."

"அப்பா பேரு?"

"சிவனணைஞ்ச பெருமாள். எதுக்குக் கேக்கீய?"

"கோர்ட்டு சம்மன். இந்தக் காப்பியில ஒரு கையெழுத்துப் போடுங்க."

"என்ன கேசு?"

"உள்ள எழுதியிருக்கு. இங்க. இந்தக் கோட்டுல." பேனாவை எடுத்து, மூடியைக் கழற்றி, எழுதுகிறதா என்று உள்ளங்கையில் கிறுக்கிப் பார்த்துக் கொடுத்தார். அவன் இசக்கியப்பன் முதுகில் காகிதத்தை வைத்துக் கையெழுத்திட்டான். "தேதியும் போடணும்."

அவன் போட்டான். இசக்கியப்பன் பார்த்தார், பன்னிரண்டு வருஷத்துக்கு முந்தைய தேதி.

"தேதி தப்பு தம்பி."

"இன்னைக்கு அதுதான தேதி?"

"இல்ல, இன்னைக்கு..." என்று ஆரம்பித்தவர் வாய் திறந்தபடி நின்றார். இன்றைக்கு என்ன தேதி என்று அவருக்கும் தெரியவில்லை. "விடுங்க. எம்பின்னாலயே வாங்க. நிக்காதீங்க!"

திரும்பி நடந்தார். சந்தின் வாசல் நீலமாகப் பளபளத்தது. வெளியே இருந்த புளியமரம் மூச்சு விடுவதுபோல ஊதி ஊதிச் சுருங்கியது. வாசலுக்கு நேரே, தகரத்தை ஒட்டி, கரும்புள்ளி மாதிரி ஒன்று இருந்த இடத்திலேயே நடுங்கிக்கொண்டிருந்தது. அது என்னவென்று அவருக்கு விளங்கவில்லை.

"இருங்க, ஜிப்பு சிக்கிக்கிட்டு" என்று பின்னால் குரல் கேட்டது. அவர் திரும்பவில்லை.

*

வெளியே வந்தபோது சாயங்காலம். தகரத்துக்குப் பதிலாக எவர்சில்வர் கம்பி போட்டிருந்தார்கள். கொட்டகை மூன்று மாடிக் கட்டிடமாகியிருந்தது. கண்ணாடி போட்ட ஒரு பெண் ஓடிவந்து அவர் தோளைப் பிடித்து உட்காரவைத்தாள். அஸ்மாதான். நெற்றியோரம் நரைத்திருந்தது.

"முடிஞ்சுது மேடம்" என்று மூச்சு வாங்கினார். "ஆறு நொடியா?"

"இருபத்தேழு அண்ணாச்சி. ஒம்பது வருஷம்."

இசக்கியப்பன் தன் கையைப் பார்த்தார். உள்ளங்கையில் பேனா கிறுக்கியது இன்னும் காயவில்லை.

வடிவு ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள். போகும்போது அவளுக்கு நாற்பத்தாறு, இப்போது ஐம்பத்தைந்து. அவருக்கு இன்னும் ஐம்பத்தொன்றுதான்.

"இனிமே நான்தான் ஒங்களுக்கு மூத்தவ" என்றாள். "சொன்ன பேச்சு கேளுங்க. மொதல்ல தண்ணியக் குடிங்க."

அவர் குடித்தார். அவள் பேச ஆரம்பித்தாள். வாழ்நாளில் அவள் அவரிடம் இவ்வளவு பேசியதில்லை. பேசிப் பழகியிருந்தாள், வாரம் மூன்று நாள் பஸ் பிடித்து வந்து, வாசலுக்கு நேரே ஸ்டூலைப் போட்டு, சந்துப் பக்கம் பார்த்து உட்கார்ந்து, அவர் முதுகோடு பேசியிருக்கிறாள். உள்ளே நடந்த பேச்சை அஸ்மா பதிவுசெய்து, வேகமாக ஓட்டிக் கேட்டு அவளுக்குச் சொல்லியிருந்தாள்.

"நீங்க அவரு அப்பா பேரைக் கேட்டீங்கள்லா, அந்த வருசந்தான் எங்க அம்மை போனா. பேனா மூடியக் கழத்துனப்ப எனக்குக் கண் ஆபரேசன். பேனா எழுதுதான்னு கையில கிறுக்குனீயளே, அதுக்கு ஆறு மாசம். அஸ்மா மேடம் தலையில அடிச்சுக்கிட்டாங்க. ஏ மனுசா, அந்த நேரத்துலயுமா பேனாவைச் சோதிக்கணும்னு நான் இங்கருந்து கத்துனேன். தேதி தப்புன்னு வாயத் தெறந்தீங்க பாருங்க, அன்னைக்கு நான் அழுதுட்டேன். போன மாசம் ஒங்களுக்கு ரிட்டயர்மெண்டு. பிரிவு உபசார விழாவ இந்த எடத்துலயேதான் வச்சாங்க. ஒங்க மாலைய நான்தான் போட்டுக்கிட்டேன்."

"உலகம்மா கேசு?" என்று கேட்டார்.

அஸ்மா சொன்னாள். சம்மன் அவன் விரலில் பட்ட தினத்தை நீதிபதியே நேரில் வந்து டெலஸ்கோப்பில் பார்த்திருக்கிறார். பட்டதா இல்லையா என்று கோர்ட்டு வக்கீல்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்து ஏழு வாரம் வாதாடியிருக்கிறார்கள். அதற்குள் அது நன்றாகவே பட்டுவிட்டது. சம்மன் சேர்ந்தது என்று பதிவாகி, வாய்தா தேதியில் எதிர்மனுதாரர் ஆஜராகாததால் ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பு. உலகம்மாளுக்கு விவாகரத்து கிடைத்து ஐந்து வருஷம் ஆகிறது. தொட்டில் பிள்ளை கிடைக்கவில்லை. நாலு வயதுப் பெண்பிள்ளை கிடைத்தது. ஊர்ப் பெண்கள் இப்போது அவளைக் கல்யாணத்துக்குக் கூப்பிடுவதில்லை. நிம்மதியாக முட்டை உரிக்கிறாள்.

"அந்தத் தம்பி எங்க?" என்றார் இசக்கியப்பன். "எம்பின்னாலதான வந்தாரு."

அஸ்மா டி.வி.யைக் காட்டினாள். ஐந்து மீட்டர் உள்ளே கோமதிநாயகம் நின்றுகொண்டிருந்தான். ஜிப்பைச் சரிசெய்துவிட்டு, கையிலிருந்த காகிதத்தைப் பிரிக்கப்போய்க்கொண்டிருந்தான்.

"அங்க ஒரு நொடிக்கு ஒரு மாசம்" என்றாள் அஸ்மா. "படிக்க ஆரம்பிக்காருன்னு நெனைக்கேன்."

*

அவன் படித்து முடிக்க ஐந்து மாதம் ஆயிற்று.

இசக்கியப்பன் தினமும் வந்தார். ரிட்டயர்டு மனிதருக்கு வேறு வேலையும் இல்லை. உலகம்மாளும் வந்தாள். நாற்பத்தேழு வயது, கண்ணாடி, பாதி நரை, சற்றுப் பருத்திருந்தாள். இருவரும் டி.வி. முன்னால் உட்கார்ந்திருப்பார்கள். முதல் மாதம் அவன் கண் காகிதத்தின் மேல்வரியில் இருந்தது. இரண்டாம் மாதம் புருவம் நெரிந்தது. மூன்றாம் மாதம் முழுக்க அந்த முகம் கொஞ்சம் கொஞ்சமாக வாடியது. ஒரு முகம் வாடுவதை அப்படி நாள்கணக்கில் உட்கார்ந்து யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். உலகம்மாள் பார்த்தாள். ஒருநாள்கூட எழுந்து போகவில்லை.

"நான் அனுப்புனதுதான அண்ணாச்சி" என்றாள் ஒருதடவை. "நான்தான் பாக்கணும்."

"அவரு வந்ததும் என்ன சொல்லப்போறம்மா?"

"தெரியல. பன்னெண்டு வருசம் யோசிச்சு வச்சிருந்தேன். அப்புறம் பிள்ளை வந்துட்டா. மறந்துபோச்சு."

ஐந்தாம் மாதம் அவன் நிமிர்ந்தான். காகிதத்தை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்தான். நடக்கத் தொடங்கினான்.

அவன் வெளியே வருகிற அன்றைக்கு அஸ்மா போலீஸ் பாதுகாப்புக் கேட்டு, கூட்டத்தை ரோட்டுக்கு அந்தப் பக்கமே நிறுத்திவிட்டாள். கம்பி அருகே நான்கே பேர்தான் இருந்தார்கள்: அஸ்மா, இசக்கியப்பன், வடிவு, கொஞ்சம் தள்ளி உலகம்மாள். மத்தியானம் மூன்று மணிக்கு அவன் கடைசி அடியை எடுத்துவைத்தான். வெயில் முகத்தில் அடித்தது. கண்ணைக் கூசிக்கொண்டு நின்றான். முப்பத்தொரு வயதுப் பையன். எண்ணெய் தேய்த்து வாரிய தலை இன்னும் கலையவில்லை.

அஸ்மா அவன் நாடியைப் பிடித்துப் பார்த்தாள். எத்தனை வருஷம் என்று அவள் சொல்லத் தொடங்குவதற்குள் அவன் தலையாட்டினான். சுற்றிலும் பார்த்தான். இசக்கியப்பனைப் பார்த்தான், வடிவைப் பார்த்தான். அப்புறம் உலகம்மாளைப் பார்த்தான். கொஞ்ச நேரம் பார்த்தான்.

"அக்கா" என்றான். "இங்க ஒரு பஸ் பஞ்சராகி நின்னுச்சு. அதுல ஒரு பொண்ணு, பச்சைச் சேலை கட்டியிருந்தா. பாத்தீயளா?"

ஏதோ சொல்ல வாயெடுத்த இசக்கியப்பனின் கையை வடிவு பிடித்து அழுத்தினாள்.

உலகம்மாள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். திரும்பப் போட்டுக்கொள்ளவில்லை.

"பாத்தேன் தம்பி. ரொம்ப நேரம் காத்துக்கிட்டு இருந்தா." கண்ணாடியை மடித்தாள். "அப்புறம் போயிட்டா."

"கோவமாப் போனாளா?"

"இல்ல. கோவம்லாம் இல்ல."

"சரிக்கா." அவன் பார்வையைத் தாழ்த்திக்கொண்டான். "லேட்டாக்கிட்டேன். என்னைக்காவது பாத்தீயன்னா சொல்லுங்க."

"சொல்லுதேன்."

உலகம்மாள் கைக்கடிகாரத்தைப் பார்த்தாள். "பிள்ளைக்கு நாலு மணிக்கு ஸ்கூல் விட்டுரும். நான் வாரேன்" என்று யாருக்கும் இல்லாமல் பொதுவாகச் சொல்லிவிட்டு, விறுவிறுவென்று ரோட்டைத் தாண்டி, வந்த ஷேர் ஆட்டோவில் ஏறிப் போய்விட்டாள். கோமதிநாயகம் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

அடையாளம் தெரியாமல் போனதும் நல்லதுக்குத்தான் என்று நினைத்துக்கொண்டார் இசக்கியப்பன்.

"தம்பி, நம்ம வீட்டுக்கு வாங்க" என்றாள் வடிவு. "காலையில இருந்து சாப்ட்ருக்க மாட்டீய. எத்தனை வருசத்துக் காலைன்னு வேற தெரியல. மத்ததெல்லாம் அப்புறம் யோசிக்கலாம்."

அவன் மறுக்கவில்லை. மூன்று பேரும் பஸ் ஏறினார்கள். அவனுக்கு ஜன்னலோரம் கொடுத்தார்கள். புதிது புதிதாக முளைத்திருந்த கட்டிடங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தான். எதைப் பற்றியும் கேட்கவில்லை. சட்டைப் பையின் மேல் ஒரு கையை வைத்திருந்தான். ஊர் எல்லையில் ஒரு பள்ளிக்கூடம் விட்டிருந்தது. பிள்ளைகள் ரோட்டைக் கடக்க டிரைவர் பஸ்ஸை நிறுத்தினார். நீல ஸ்கர்ட்டும் வெள்ளைச் சட்டையுமாக ஒரு கூட்டம் கூச்சலிட்டுக்கொண்டு போனது.

கோமதிநாயகம் அதையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"அத்தாச்சி" என்றான் வடிவிடம், முகத்தைத் திருப்பாமலேயே. "அவ பிள்ளைக்கு என்ன பேரு வச்சிருக்கா?"

இசக்கியப்பன் திடுக்கிட்டுத் திரும்பினார். வடிவு திடுக்கிடவில்லை.

"தங்கமலர்" என்றாள். "நாலாங்கிளாஸ் படிக்கா. நல்லா வரைவா."

பிள்ளைகள் கடந்து முடித்தார்கள். பஸ் கிளம்பியது.

"நல்ல பேரு" என்றான் அவன்.